மார்கஸ் பிராடியாக வந்தவர் யார்? டென்ஹோம் எலியட்டின் நாற்பது வருடம்

கேள்வி: இண்டியானா ஜோன்ஸ் படங்களில் அருங்காட்சியகத்துக்காரர் மார்கஸ் பிராடியாக வருபவர் டென்ஹோம் எலியட் என்று தெரிந்துகொண்டேன். மூன்று வருடம் தொடர்ந்து பிரிட்டனின் திரை விருதான பாஃப்டா வாங்கியவராமே? கதாநாயகனாகவே நடிக்காத ஒருவர் இத்தனை காலம் எப்படித் தாக்குப்பிடித்தார்? அவர் படங்களை எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

பதில்:

ஆமாம், வாங்கினார். 1983க்கான விருது 'டிரேடிங் பிளேசஸ்' படத்துக்கு, 1984க்கு 'எ பிரைவேட் ஃபங்ஷன்', 1985க்கு 'டிஃபென்ஸ் ஆஃப் தி ரெல்ம்'. மூன்றுமே சிறந்த துணை நடிகர் பிரிவில். ஆனால் கதாநாயகனாகவே நடிக்கவில்லை என்பது சரியல்ல. நடித்தார், எடுபடவில்லை. அவர் வாழ்க்கையில் சுவாரசியமான பகுதி அதற்குப் பிறகுதான் தொடங்குகிறது.

எப்படித் தாக்குப்பிடித்தார் என்பதற்கு ஒரு வரியில் பதில் சொல்லலாம்: ஒருமுறை அவரை வைத்துப் படமெடுத்தவர்கள் மறுபடியும் கூப்பிட்டார்கள். ஸ்பீல்பெர்க் இரண்டு முறை, ஜேம்ஸ் ஐவரி இரண்டு முறை, பீட்டர் பக்டனோவிச் இரண்டு முறை, ரிச்சர்ட் லாங்க்ரெய்ன் மூன்று முறை. நாடகாசிரியர் டென்னிஸ் பாட்டர் எழுதியவற்றில் நான்கில் அவர் இருக்கிறார். கதாநாயகனுக்கு வசூல் கணக்கு இருக்கிறது, ரசிகர் கூட்டம் இருக்கிறது. குணச்சித்திர நடிகருக்கு இந்த இரண்டாவது அழைப்புதான் கணக்கு. அது ஏன் இவருக்கு இத்தனை முறை வந்தது என்பதை விளக்கினால் உங்கள் கேள்விக்கு முழுப் பதில் கிடைத்துவிடும்.

1922 மே 31 அன்று லண்டனில் பிறந்தார். அப்பா பாரிஸ்டர். படித்தது மால்வர்ன் கல்லூரி என்ற தனியார் பள்ளியில். பேர்போன நடிப்புப் பள்ளியான ராடாவில் சேர்ந்து, ஒரே பருவத்தில் அங்கிருந்து அனுப்பப்பட்டார். அடுத்து போர் வந்தது. விமானப்படையில் கம்பியில்லாத் தந்தி இயக்குபவராகவும் துப்பாக்கி வீரராகவும் பயிற்சி பெற்று, 76ஆம் படைப்பிரிவின் ஹாலிஃபாக்ஸ் குண்டுவீச்சு விமானங்களில் பறந்தார். 1942 செப்டம்பரில் ஜெர்மனியின் ஃப்ளென்ஸ்பர்க் மீது நடந்த தாக்குதலில் அவருடைய விமானம் அடிபட்டு, சில்ட் தீவருகே வட கடலில் இறங்கியது. அப்போது அவருக்கு வயது 20. போர் முடியும்வரை சைலேஷியாவில் லாம்ஸ்டார்ஃப் கைதி முகாமில் இருந்தார். அங்கே கைதிகளைச் சேர்த்து ஒரு நாடகக் குழு அமைத்தார். ஷேக்ஸ்பியரின் 'ட்வெல்ஃப்த் நைட்'டை வேறு முகாம்களுக்கும் கொண்டுபோய் நடித்துக் காட்டுகிற அளவுக்கு அது வளர்ந்தது. பள்ளியில் கிடைக்காத பயிற்சி அவருக்கு முகாமில் கிடைத்தது என்றே சொல்ல வேண்டும். பிற்காலத்தில் அவர் செய்த தோற்றுப்போன மனிதர்கள் வெறும் தோரணையாகத் தெரியாததற்கு அந்த வருடங்களும் ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

போருக்குப் பின் மேடை. 1950ல் லாரன்ஸ் ஒலிவியே செயின்ட் ஜேம்ஸ் அரங்கில் போட்ட 'வீனஸ் அப்சர்வ்ட்' நாடகத்தில் ஒலிவியேவின் மகனாக நடித்து, துணைப் பாத்திரங்களுக்கென்றே தரப்படும் கிளாரன்ஸ் டெர்வென்ட் விருதைப் பெற்றார். அதே வருடம் நியூயார்க்கில் 'ரிங் ரவுண்ட் தி மூன்' நாடகத்தில் இரட்டையர் வேடம். திரைக்கு 1949லேயே 'டியர் மிஸ்டர் ப்ரோஹாக்' மூலம் வந்திருந்தார்.

ஐம்பதுகளில் பிரிட்டிஷ் சினிமாவுக்கு இளம் அதிகாரிகள் ஏராளமாகத் தேவைப்பட்டார்கள். போர்ப் படங்கள் வரிசையாக வந்துகொண்டிருந்தன. நல்ல உச்சரிப்பு, சீரான முகம், சீருடை பொருந்துகிற உடல்வாகு போதும். எலியட்டுக்கு மூன்றும் இருந்தன. 1952ல் டேவிட் லீனின் 'தி சவுண்ட் பேரியர்' படத்தில், விமானம் ஓட்டப் பயந்தும் அப்பாவுக்காக ஓட்டப்போய் முதல் தனிப் பயணத்திலேயே சாகும் மகன். 1953ல் 'தி க்ரூயல் சீ'யில் மனைவியின் துரோகத்தைச் சுமந்துகொண்டு கடலில் சாகும் அதிகாரி மோரெல். இரண்டையும் இன்று பார்த்தால் ஒன்று புரியும். கண்ணில் அப்போதே பின்னாளைய எலியட் இருக்கிறார். ஆனால் முகம் மிக மிருதுவாக இருக்கிறது. அந்தக் கண்ணுக்கு அந்த முகம் ஒத்துழைக்கவில்லை. அதே பாணியில் ஒரு டஜன் இளைஞர்கள் லண்டனில் அலைந்த காலத்தில், ஒருவரை நீக்கி இன்னொருவரை வைத்தாலும் படம் மாறாது என்ற நிலையில் அவர் இருந்தார்.

கதாநாயகன் வாய்ப்பு 1960ல் வந்தது. படம் 'சென்ட் ஆஃப் மிஸ்டரி'. மைக் டாட் ஜூனியர் தயாரித்தது, ஸ்பெயினில் எடுக்கப்பட்டது. காட்சிக்கேற்ற வாசனைகளை இருக்கைகளுக்குக் குழாய் வழியே அனுப்பும் ஸ்மெல்-ஓ-விஷன் முறையில் வெளியான படம் இது. சுமார் 30 வாசனைகள், துப்புத் துலக்கும் கதை, சில துப்புகளே வாசனையாக வரும். நடந்தது என்னவென்றால், சில இருக்கைகளுக்கு வாசனை தாமதமாகப் போய்ச் சேர்ந்தது, காற்று வரும் சத்தம் வசனத்தின் மேல் ஏறியது, முந்தைய வாசனை போகுமுன் அடுத்தது வந்து கலந்தது. வாசனையை நீக்கிவிட்டுப் பிறகு வேறு பெயரில் வெளியிட்டார்கள். படமே குழாயை நம்பி எழுதப்பட்டிருந்தால் நடிகர் செய்வதற்கு அதில் அதிகமில்லை. இந்தத் தோல்வியை எலியட்டின் கணக்கில் எழுதுவது நியாயமில்லை. ஆனால் இதற்குப் பிறகு நாயகன் வாய்ப்பு அவரைத் தேடி வருவது நின்றுபோனது.

திருப்பம் 1964ல். படம் 'நத்திங் பட் தி பெஸ்ட்', இயக்கியவர் கிளைவ் டோனர். மேல்தட்டில் ஏறத் துடிக்கும் குமாஸ்தாவாக ஆலன் பேட்ஸ். அவனுக்கு நடை, உடை, பேச்சு, திமிர் எல்லாம் கற்றுக்கொடுக்கும் சார்லி பிரின்ஸாக எலியட்: பெரிய குடும்பத்தில் பிறந்து, குடும்பத்தால் ஒதுக்கப்பட்டு, குடியும் போலிக் காசோலையுமாகக் காலம் தள்ளும் ஆள். பத்து வருடம் அதிகாரியாக நடித்தபோது பயன்பட்ட அதே உச்சரிப்பு, அதே மரியாதை, அதே நிமிர்ந்த முதுகு. ஆனால் இப்போது உள்ளே எல்லாம் அழுகிப் போயிருக்கிறது. வயது நாற்பதைத் தாண்டிவிட்டது. முகத்தில் கோடுகள் விழத் தொடங்கிவிட்டன. கண்ணும் முகமும் முதல்முறையாக ஒரே ஆளுக்குச் சொந்தமானவையாகத் தெரிந்தன. பாதிப் படத்தில் அவர் பாத்திரம் கதையை விட்டுப் போய்விடுகிறது. அதற்குப் பின் படம் கொஞ்சம் வற்றிப்போவதை நீங்களே உணர்வீர்கள்.

அடுத்த வருடம் பிரையன் ஃபோர்ப்ஸின் 'கிங் ராட்'. சிங்கப்பூர் சாங்கி முகாமில் ஜப்பானியர் வைத்திருந்த போர்க் கைதிகளின் கதை. முகாமில் உண்மையிலேயே கைதியாக இருந்த எலியட் அதில் ஒரு லெப்டினன்ட் கர்னல். 1966ல் 'ஆல்ஃபி'. அவருக்கு மொத்தமே ஒரு காட்சிதான். சட்டவிரோதமாகக் கருக்கலைப்புச் செய்பவர், பெயர்கூடக் கிடையாது. வந்து நின்று, இது சட்டப்படி குற்றம் என்று பலமுறை சொல்லிச் சலித்த குரலில் எச்சரிக்கிறார், காரியத்தை முடிக்கிறார், கிளம்புகிறார். பிரிட்டனில் கருக்கலைப்புச் சட்டம் திருத்தப்பட்டது 1967ல். அதற்கு முந்தைய வருடம் வெளியான படம் இது. அந்த ஆளை அரக்கனாகவும் காட்டாமல், இரக்கப்படவும் விடாமல், வேலைக்கு வந்த மனிதனாக வைத்ததால் காட்சியின் பயங்கரம் பார்ப்பவர் மேல் நேராக இறங்குகிறது. சிறிய வேடத்தில் செய்யக்கூடாத தவறு, கிடைத்த நான்கு நிமிடத்தில் தன் திறமை முழுவதையும் கொட்ட நினைப்பது. எலியட் அதைச் செய்யவில்லை.

இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும். சினிமாப் பட்டியலை மட்டும் பார்த்தால் அறுபது எழுபதுகளில் அவர் என்ன சாப்பிட்டார் என்றே தெரியாது. சாப்பாடு போட்டது தொலைக்காட்சி. அன்று பிபிசியும் ஐடிவியும் வாரந்தோறும் தனி நாடகங்களை ஒளிபரப்பின. முறை இப்படி: ஒரு சர்ச் ஹாலிலோ (1970க்குப் பின் பிபிசிக்காரர்களுக்கு ஆக்டனில் கட்டிய ஒத்திகைக் கட்டடத்திலோ) தரையில் டேப் ஒட்டிச் சுவரும் கதவும் இருக்கும் இடத்தைக் குறித்துக்கொள்வார்கள். இரண்டு மூன்று வாரம் ஒத்திகை. பிறகு ஸ்டுடியோவில் பல கேமராக்களை வைத்து இரண்டு மூன்று நாளில் பதிவு. நீண்ட காட்சிகள் ஒரே ஓட்டமாகப் போகும். யாராவது வசனத்தை மறந்தால் நேரம் போகும், ஸ்டுடியோ மணி பத்தானால் விளக்கை அணைத்துவிடுவார்கள். ஆகவே இயக்குநருக்குத் தேவை, மேடை நடிகனின் நினைவாற்றலும் கேமராவுக்கேற்ற சின்ன முகபாவமும் ஒருங்கே உள்ளவர். இரண்டும் உள்ளவர்கள் குறைவு. எலியட் அந்தக் குறைவானவர்களில் ஒருவர்.

இந்தத் தொலைக்காட்சிப் பழக்கம் பின்னால் சினிமாவாகத் திரும்பி வந்ததைக் கவனியுங்கள். பிரிட்டிஷ் தொலைக்காட்சி நாடகங்களை இயக்கிப் பழகிய டெட் காட்செஃப், சொந்த நாடான கனடாவுக்குத் திரும்பிப் போய் 1974ல் 'தி அப்ரென்டிஸ்ஷிப் ஆஃப் டட்டி க்ராவிட்ஸ்' எடுத்தபோது, யூதச் சிறுவனின் சடங்குக்குக் கலைப்படம் எடுக்கும் குடிகார இயக்குநர் வேடத்துக்கு எலியட்டை வைத்தார். படம் பெர்லினில் தங்கக் கரடி வாங்கியது. டென்னிஸ் பாட்டர் தொடர்பு இன்னும் நீளமானது. 1972ல் 'ஃபாலோ தி யெல்லோ பிரிக் ரோடு', அதில் எலியட்டுக்கு முதன்மை வேடம். 1976ல் 'பிரிம்ஸ்டோன் அண்ட் ட்ரீக்கிள்'. ஒளிபரப்புக்குச் சற்று முன் பிபிசி தடுத்து நிறுத்தியது, 1987ல்தான் மக்கள் பார்த்தார்கள். 1980ல் 'பிளேட் ஆன் தி ஃபெதர்', இயக்கியவர் ரிச்சர்ட் லாங்க்ரெய்ன். தடைபட்டுக் கிடந்த 'பிரிம்ஸ்டோ'னை 1982ல் லாங்க்ரெய்னே சினிமாவாக எடுத்தார். ஸ்டிங், ஜோன் ப்ளோரைட் என்று ஆட்கள் மாறினாலும் அப்பா வேடத்துக்கு மறுபடி எலியட்தான்.

அதே வருடம் லாங்க்ரெய்ன் இயக்கிய 'தி மிஷனரி'யில் பிஷப் வேடம். எழுதி நடித்தவர் மைக்கேல் பேலின், உடன் நடித்தவர் மேகி ஸ்மித், தயாரிப்பு ஹேண்ட்மேட் ஃபிலிம்ஸ். இரண்டு வருடம் கழித்து அதே ஹேண்ட்மேட், அதே பேலின், அதே ஸ்மித் 'எ பிரைவேட் ஃபங்ஷ'னில் சேர்ந்தபோது எலியட்டும் இருந்தார், பாஃப்டாவும் வந்தது. அடுத்து மேகி ஸ்மித் நடித்த 'எ ரூம் வித் எ வியூ'விலும் இருந்தார். ஒரு தொலைக்காட்சி நாடகத்தில் தொடங்கி ஆஸ்கர் பரிந்துரை வரை போன நூல் இது. அதிர்ஷ்டம் என்று இதைச் சொல்ல மாட்டேன். ஒவ்வொரு முடிச்சிலும் யாரோ ஒருவர் 'அவர் இருந்தால் அந்தக் காட்சியைப் பற்றிக் கவலை இல்லை' என்று நினைத்திருக்க வேண்டும்.

1981ல் தொலைக்காட்சிக்கான பாஃப்டா சிறந்த நடிகர் விருதும் வந்தது. அது ஒரே நாடகத்துக்கு இல்லை, நான்கு நாடகங்களுக்குச் சேர்த்து. அவர் வேலை செய்த வேகத்துக்கு அதைவிடச் சான்று வேண்டாம்.

இனி, காட்சியை அவர் எப்படித் தன் பக்கம் இழுத்தார் என்பது. 'டிஃபென்ஸ் ஆஃப் தி ரெல்ம்' நாயகன் கேப்ரியல் பர்ன், குழந்தைகளோடும் விலங்குகளோடும் நடிக்காதே என்ற பழைய அறிவுரையில் டென்ஹோம் எலியட் பெயரையும் சேர்த்துவிட்டதாகச் சொல்வார்கள். இது புகழ்ச்சிதான். ஆனால் இதைக் கேட்டு, எலியட் அடுத்தவர் வசனத்தின்போது ஏதாவது சேட்டை செய்து கவனத்தைத் திருடுகிறவர் என்று நினைத்துவிடக் கூடாது. அப்படிச் செய்பவர்களை எடிட்டர் வெட்டி எறிந்துவிடுவார். காரணம் எளிது. ஒரே காட்சியை அகல ஷாட், இவர் க்ளோசப், அவர் க்ளோசப் என்று பலமுறை எடுக்கிறார்கள். ஒரு டேக்கில் கண்ணாடியை வலது கையில் தூக்கிவிட்டு அடுத்த டேக்கில் இடது கையில் தூக்கினால் இரண்டையும் ஒட்ட முடியாது. எந்த ஷாட் ஒட்டுமோ அதுதான் படத்தில் இருக்கும். சின்ன வேடக்காரரின் க்ளோசப் பெரும்பாலும் நாளின் கடைசியில்தான் எடுக்கப்படும். சில சமயம் நாயகர் கால்ஷீட் முடிந்து போயிருப்பார், அவர் வசனத்தை வேறு யாராவது படிப்பார்கள். அந்த நேரத்திலும் எதிரே ஆள் இருப்பதுபோல் கேட்கத் தெரிந்தவரின் முகம்தான் படத்தில் நிற்கும்.

எலியட்டின் பலம் அந்தக் கேட்பதில் இருந்தது. எதிராளி பேசி முடித்ததும் உடனே பதில் வராது. வாய் திறக்கும், முதலில் வேறு ஏதோ சொல்ல வந்தது தெரியும், அதை விழுங்குவது தெரியும், பிறகு நாகரிகமான ஒரு வாக்கியம் வரும். சொன்னது ஒன்று, சொல்லாமல் விட்டது ஒன்று, இரண்டும் நமக்குக் கிடைத்துவிடுகின்றன. மரியாதையை ஒரு மூடியாகப் பிடித்துக்கொண்டு, மூடி நழுவுகிற அந்தக் கணத்தைக் காட்டுவார். எடிட்டருக்கு இது பெரிய வரம். நாயகன் முகத்தில் உணர்ச்சி போதாத இடத்தில் இவருடைய ரியாக்‌ஷன் ஷாட்டை வைத்தால் காட்சி நிமிர்ந்துவிடும். பர்ன் சொன்னதாக வரும் வேடிக்கையின் உண்மைப் பொருள் இதுதான்.

'ரைடர்ஸ் ஆஃப் தி லாஸ்ட் ஆர்க்' படத்தைத் திரும்பப் போட்டுப் பாருங்கள். ராணுவ உளவுத்துறையினர் இருவரிடம் பைபிளில் வரும் புனிதப் பேழையைப் பற்றி இண்டி உற்சாகமாக விளக்கிக்கொண்டிருப்பார். அதை முன்னே ஏந்திச் செல்லும் படையை வெல்ல முடியாது என்ற தகவலைச் சொல்வது பிராடி. எலியட் அதைக் குரலைத் தாழ்த்தி, தனக்கே கொஞ்சம் பயமாக இருக்கிறது என்பதுபோல் சொல்கிறார். இரண்டு மணி நேர சாகசப் படத்துக்கு அடியில் இருக்கவேண்டிய அச்சம் அங்கேதான் விதைக்கப்படுகிறது. படத்தில் அவருக்கு விரல்விட்டு எண்ணக்கூடிய காட்சிகளே உண்டு. இருந்தும் 1981க்கான பாஃப்டா துணை நடிகர் பரிந்துரையில் பெயர் வந்தது.

அதே பிராடிக்கு 1989ல் 'லாஸ்ட் க்ரூசே'டில் நடந்தது, இந்தத் தொழிலில் கசப்பான பக்கம். முதல் படத்தில் அறிவும் நிதானமும் உள்ள மனிதர், மூன்றாவது படத்தில் சொந்த அருங்காட்சியகத்திலேயே வழி தவறுகிறவராக மாற்றப்பட்டார். கூட்டத்தில் கலந்து மாயமாகிவிடுவார் என்று இண்டி பெருமையடிக்க, அடுத்த ஷாட்டிலேயே சந்தையில் திருதிருவென விழித்துக்கொண்டு ஆங்கிலம் தெரிந்தவர் உண்டா என்று அலையும் பிராடி. சிரிப்பு வருகிறது, எலியட் அதை அருமையாகவும் செய்கிறார். ஆனால் பாத்திரம் அவருடையது அல்ல, எழுதுபவர்களுடையது. நாயகன் என்றால் என் பாத்திரம் இப்படிச் செய்யாது என்று மல்லுக்கு நிற்கலாம். துணை நடிகருக்கு அந்த இடம் இல்லை. என்னைக் கேட்டால் முதல் படத்துப் பிராடிதான் பிராடி.

வேறு சறுக்கல்களும் உண்டு. கேட்டதையெல்லாம் ஒப்புக்கொள்ளும் நடிகரின் பட்டியலில் குப்பையும் சேரும். 'பெர்சி' என்ற மலிவான பாலியல் நகைச்சுவைப் படத்திலும் அதன் தொடர்ச்சியிலும் அவர் இருக்கிறார். பீட்டர் குக் நடித்து 1978ல் வந்த 'ஹவுண்ட் ஆஃப் தி பாஸ்கர்வில்ஸ்' கேலிப் படத்திலும் இருக்கிறார். ஐந்து வருடம் கழித்து அதே கதை ஒழுங்காக எடுக்கப்பட்டபோது டாக்டர் மார்ட்டிமராக அதிலும் வந்தார். இன்னொரு இழப்பு அவர் கையில் இல்லாதது: அறுபதுகளில் வீடியோ டேப் விலை அதிகம் என்பதால் பதிவுகளை அழித்துவிட்டு அதே டேப்பில் வேறு நிகழ்ச்சி எடுத்தார்கள். அந்தக் காலத்து பிரிட்டிஷ் தொலைக்காட்சி நடிகர் எவருடைய பட்டியலிலும் இப்படி ஓட்டைகள் இருக்கும். பழைய நாடகம் ஒன்று எங்கு தேடியும் கிடைக்கவில்லை என்றால், உங்கள் தேடலில் குறை இருப்பதாக நினைக்க வேண்டாம்.

எதிலிருந்து தொடங்குவது? விருதுப் படங்களிலிருந்து வேண்டாம். முதலில் 'தி சிக்னல்மேன்' பாருங்கள். பிபிசி 1976 கிறிஸ்துமஸுக்காக எடுத்த டிக்கன்ஸ் கதை, நாற்பது நிமிடத்துக்கும் குறைவு, ஏறக்குறைய இரண்டே ஆட்கள். இயக்கம் லாரன்ஸ் கார்டன் கிளார்க். செவர்ன் வேலி ரயில்பாதையில் எடுத்தது. பாதைக்காக மண்ணை வெட்டி எடுத்த ஆழமான பள்ளத்துக்குள் தனியே இருக்கும் சிக்னல் காவலருக்கு, மற்றவருக்குக் கேட்காத மணி கேட்கிறது. பேய் கடைசிவரை அதிகம் வராது. பயம் முழுக்க எலியட்டின் முகத்தில். அவர் வேலை எது என்பதை இதைவிடச் சுருக்கமாகக் காட்டும் படம் இல்லை.

அடுத்து 'ஆல்ஃபி'யின் அந்தக் காட்சி, பிறகு 'நத்திங் பட் தி பெஸ்ட்'. அதன்பின் 'செயின்ட் ஜாக்'. பக்டனோவிச் 1978ல் சிங்கப்பூரில் எடுத்தது. அனுமதி கிடைக்காது என்பதால் வேறு பெயரும் வேறு கதைச்சுருக்கமும் கொடுத்துத்தான் படப்பிடிப்பு நடத்தினார்கள். 2006 வரை அங்கே படத்துக்குத் தடை. அன்றைய சிங்கப்பூர்த் தெருக்கள் அதில் அப்படியே இருக்கின்றன. பென் கஸாரா நாயகன். ஹாங்காங்கிலிருந்து வருடாவருடம் கணக்குப் பார்க்க வரும் ஆங்கிலேயர் வில்லியம் லீயாக எலியட். அந்த மனிதரின் கூச்சத்தையும் கண்ணியத்தையும் சத்தமே இல்லாமல் செய்திருப்பார். அவருடைய ஆகச் சிறந்த வேடம் எது என்று கேட்டால் இதைச் சொல்வேன். பாஃப்டா பரிந்துரையோடு நின்றுபோனது எனக்கு இன்றும் வருத்தம்.

இதற்குப் பின் விருதுப் படங்கள் மூன்றையும் ஒட்டிப் பாருங்கள், வித்தியாசம் பளிச்சென்று தெரியும். 'டிரேடிங் பிளேச'ஸில் பட்லர் கோல்மன்: முதலாளியைத் தெரியாது என்று வாசலில் நின்று மறுக்கும்போது அவர் குரல் கடமையைச் செய்கிறது, கண் மன்னிப்புக் கேட்கிறது. 'எ பிரைவேட் ஃபங்ஷ'னில் 1947ஆம் வருடத்து யார்க்‌ஷயர் ஊர்ப் பெரிய மனிதர் டாக்டர் ஸ்வேபி: ரேஷன் காலம், இளவரசி எலிசபெத் திருமண விருந்துக்காகக் கள்ளத்தனமாக வளர்க்கும் பன்றி, மரியாதையே துளியும் இல்லாத மேட்டிமை. எலியட் இதில் தன் வழக்கமான மென்மையை முற்றிலும் கழற்றி வைத்திருக்கிறார். 'டிஃபென்ஸ் ஆஃப் தி ரெல்'மில் குடியில் ஊறிய பழைய பத்திரிகையாளர் வெர்னன் பேலிஸ்: உண்மையை மோப்பம் பிடித்துவிட்டு, அதைச் சொன்னால் யார் நம்புவார் என்று தயங்கும் ஆள்.

கடைசியாக 'எ ரூம் வித் எ வியூ'. இதில் அவர் மிஸ்டர் எமர்சன். ஃப்ளாரன்ஸ் விடுதியின் சாப்பாட்டு மேசையில், அறிமுகமில்லாத பெண்களிடம் தன் அறையைத் தருகிறேன் என்று மரியாதை தெரியாமல் அன்பாக இருப்பவர். வாழ்நாள் முழுக்க மரியாதைக்குள் ஒளிந்துகொள்ளும் மனிதர்களைச் செய்தவர், இங்கே ஒளிய எதுவும் இல்லாத ஒருவரைச் செய்கிறார். படத்தின் பிற்பகுதியில் நாயகி லூசியிடம் அவள் மனத்தை அவளுக்கே எடுத்துச் சொல்லும் காட்சிக்காகவே ஆஸ்கர் பரிந்துரை கிடைத்திருக்கலாம். விருது போனது மைக்கேல் கெய்னுக்கு. 'ஆல்ஃபி'யில் எலியட்டுக்கு எதிரே நின்ற அதே கெய்ன்.

நீளமாகப் பார்க்க நேரமிருந்தால் 1985ல் பிபிசி எடுத்த 'ப்ளீக் ஹவுஸ்' தொடரில் ஜான் ஜார்ன்டைஸ். குறைவாக நேரமிருந்தால் 1986ல் வந்த 'ஹோட்டல் டு லாக்', அனா மாஸியுடன். வுடி ஆலன் 1987ல் எடுத்த 'செப்டம்பர்' அவசியமில்லை. ஆனால் ஒரு தகவலுக்காகச் சொல்கிறேன்: ஆலன் அந்தப் படத்தை முழுதாக எடுத்து முடித்து, பிடிக்காமல், நடிகர்கள் பலரை மாற்றி மறுபடி முழுதாக எடுத்தார். இரண்டிலும் எலியட் இருந்தார்.

1987ல் அவருக்கு எச்ஐவி தொற்று இருப்பது தெரியவந்தது. 1988ல் சிபிஇ என்ற பிரிட்டிஷ் அரசுப் பட்டம் கிடைத்தது. வேலையை அவர் நிறுத்தவே இல்லை. 'லாஸ்ட் க்ரூசேட்', நிகோல் கிட்மனின் அப்பாவாக நடித்த ஆஸ்திரேலியத் தொடர் 'பாங்காக் ஹில்டன்', 1991ல் ஜான் லெ காரே கதைகளின் உளவாளி ஜார்ஜ் ஸ்மைலியாக 'எ மர்டர் ஆஃப் குவாலிட்டி' எல்லாம் அதற்குப் பிறகு வந்தவை. 1992ல் வெளியான 'நாய்ஸஸ் ஆஃப்' கடைசிப் படம்: மேடையேறவேண்டிய நேரத்தில் எங்கே போனார் என்று எல்லோரையும் தேடவிடும் குடிகாரக் கிழட்டு நடிகர் செல்ஸ்டன் மௌப்ரே. இயக்கியவர் பக்டனோவிச், சிங்கப்பூருக்குப் பின் இரண்டாவது முறையாகக் கூப்பிட்டவர். அந்த வருடம் அக்டோபர் 6 அன்று ஸ்பெயினின் இபீசா தீவில் இருந்த வீட்டில் எலியட் காலமானார். வயது 70.